ரேடியோஹெட்டின் ‘க்ரீப்’ பாட்டு உருவான, வெளிவந்த கதை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1992 செப்டம்பரில் இங்கிலாந்தில் ஒரு புதுக் குழுவின் சிங்கிள், அதாவது ஒரு பாட்டை முன்வைத்துத் தனியாக விற்கும் வெளியீடு, கடைக்கு வந்தது. தரவரிசையில் 78-ஆம் இடம் வரை போய் அப்படியே மறைந்தது. அடுத்த வருடம் அதே செப்டம்பரில் அதே பாட்டு மறுபடி கடைக்கு வந்து 7-ஆம் இடத்தைப் பிடித்தது. நடுவில் என்ன நடந்தது, அதற்கு முன் ஸ்டுடியோவில் என்ன நடந்தது என்று ரேடியோஹெட்டைப் புதிதாகக் கேட்க ஆரம்பிக்கும் எல்லோருமே கேட்கிறார்கள். அந்தக் கேள்விகளைத் திரட்டி, எனக்குத் தெரிந்த பதில்களை இங்கே எழுதியிருக்கிறேன். இந்தப் பாட்டு அதிர்ஷ்டத்தால் மட்டுமே ஓடியது என்று பலர் சொல்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. ஏன் என்பது போகப்போகத் தெரியும்.

ரேடியோஹெட் யார்? ‘க்ரீப்’ வந்தபோது அவர்கள் எந்த நிலையில் இருந்தார்கள்?

ஆக்ஸ்ஃபோர்டுக்குப் பக்கத்தில் ஆபிங்டன் என்ற ஊரில் ஒரே பள்ளியில் படித்த ஐந்து பேர். பாட்டும் கிட்டாரும் தாம் யார்க். இன்னும் இரண்டு கிட்டார்கள் ஜானி கிரீன்வுட், எட் ஓ’பிரையன். பேஸ் கிட்டார் ஜானியின் அண்ணன் காலின் கிரீன்வுட். ட்ரம்ஸ் ஃபில் செல்வே. பள்ளியில் வெள்ளிக்கிழமைகளில் ஒத்திகை பார்த்ததால் ‘ஆன் எ ஃப்ரைடே’ என்றுதான் முதலில் பெயர் வைத்திருந்தார்கள். 1991 கடைசியில் ஈ.எம்.ஐ. என்ற இசை நிறுவனத்தின் வெளியீட்டுப் பிரிவான (லேபிள்) பார்லஃபோன் அவர்களை ஒப்பந்தம் செய்தது. பெயரை மாற்றச் சொன்னதும் அந்த நிறுவனம்தான். டாக்கிங் ஹெட்ஸ் குழுவின் ஒரு பாட்டுத் தலைப்பிலிருந்து புதுப் பெயரை எடுத்துக்கொண்டார்கள்.

1992 மே மாதம் ‘ட்ரில்’ என்ற நாலு பாட்டுத் தொகுப்பு வந்தது. அது முதல் 100 இடத்துக்குள்கூட வரவில்லை. அதனால் அந்தக் கோடையில் அவர்கள் ஸ்டுடியோவுக்குள் போனபோது, கையில் ஒப்பந்தம் இருந்தது, பேர் சொல்ல ஒரு பாட்டு இல்லை.

பாட்டை எழுதியது யார்? எதைப் பற்றிய பாட்டு?

தாம் யார்க், எண்பதுகளின் கடைசியில் எக்ஸெட்டர் பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டிருந்தபோது எழுதியது. அதாவது ரெக்கார்டு ஆவதற்குச் சில வருடங்கள் முன்பே பாட்டு இருந்தது.

ஒருவனுக்கு ஒரு பெண் மேல் ஆசை. நேரே போய்ப் பேசத் துணிச்சல் இல்லை. அவள் எங்கோ உயரத்தில் இருப்பவளாகத் தெரிகிறாள். தன்னைப் பார்த்தால் அவனுக்கே பிடிக்கவில்லை, நாம் இருக்கவேண்டிய இடம் இதுவல்ல என்று தோன்றுகிறது. அவ்வளவுதான் விஷயம். காதல் தோல்விப் பாட்டு என்று இதைச் சொல்வதுண்டு, ஆனால் எனக்கு அது பொருந்துவதாகத் தெரியவில்லை. தோற்பதற்கு முதலில் கேட்டிருக்க வேண்டும். இந்தப் பாட்டில் வருபவன் கேட்கவே இல்லை. கூச்சம், தன் மேலேயே வெறுப்பு, அதற்கு நடுவே ஒரு ஏக்கம் மூன்றும் சேர்ந்து வருவதால்தான் பதினாறு வயதில் கேட்பவரும் நாற்பது வயதில் கேட்பவரும் இதைத் தன் பாட்டு என்று நினைக்கிறார்கள்.

இதை முதல் சிங்கிளாகத் திட்டமிட்டுத்தான் ரெக்கார்டு செய்தார்களா?

இல்லவே இல்லை. இந்தப் பாட்டின் கதையிலேயே எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான்.

ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் சிப்பிங் நார்ட்டன் என்ற சின்ன ஊரில் ஒரு ஸ்டுடியோ இருந்தது. தயாரிப்பாளர்கள் இரண்டு பேர், ஷான் ஸ்லேட், பால் கோல்டரி. இருவரும் அமெரிக்காவில் பாஸ்டன் நகரத்தின் ஃபோர்ட் அபாச்சே ஸ்டுடியோவிலிருந்து வந்தவர்கள். அமெரிக்காவில் ஆல்டர்நேட்டிவ் என்று சொல்லப்பட்ட, வழக்கமான பாப்பிலிருந்து விலகிய ராக் குழுக்களோடு வேலை செய்து பழகிய காதுகள். அவர்களிடம் கொடுக்கப்பட்ட வேலை ‘இன்சைட் மை ஹெட்’, ‘லர்ஜி’ என்ற இரண்டு வேறு பாட்டுகளை ரெக்கார்டு செய்வது. ‘க்ரீப்’ அந்தப் பட்டியலிலேயே இல்லை.

ஒத்திகையின்போது குழு எந்த முன்னறிவிப்பும் இல்லாமல் அதை ஒருமுறை வாசித்தது. வாசித்து முடித்ததும், இது எங்களுடைய ஸ்காட் வாக்கர் பாட்டு என்கிற மாதிரி யார்க் ஏதோ சொன்னார். ஸ்காட் வாக்கர் என்பவர் அறுபதுகளில் புகழ்பெற்ற, கனத்த குரலில் சோகப் பாட்டுகள் பாடிய ஒரு பாடகர். அவருடைய பாணியில் எழுதியது என்ற அர்த்தத்தில் யார்க் சொன்னார். கேட்ட தயாரிப்பாளர்கள் அதை ஸ்காட் வாக்கரின் சொந்தப் பாட்டு என்றே எடுத்துக்கொண்டார்கள். இவர்களிடம் இருப்பதிலேயே நல்ல பாட்டு அடுத்தவருடையதாக இருக்கிறதே என்று கோல்டரிக்கு வருத்தம்.

அப்புறம் ரெக்கார்டிங் தொடங்கியது. ஒப்புக்கொண்ட இரண்டு பாட்டும் சரியாக அமையவில்லை. திரும்பத் திரும்ப வாசித்து எல்லோரும் சோர்ந்துபோனார்கள். அறையின் இறுக்கத்தைக் கொஞ்சம் தளர்த்தலாம் என்று, அந்த இன்னொரு பாட்டை வாசியுங்கள் என்றார் கோல்டரி. டேப் ஓடிக்கொண்டிருந்தது. வாசித்து முடித்ததும் அறையில் இருந்த எல்லோரும் கைதட்டினார்கள். அதற்குப் பிறகுதான் அது குழுவின் சொந்தப் பாட்டு என்பதே அவருக்குத் தெரிந்தது. உடனே ஈ.எம்.ஐ.க்கு போன் செய்து, இதை சிங்கிளாகப் போடுவதைப் பற்றி யோசியுங்கள் என்று சொன்னார்.

கோல்டரி அந்த போனைச் செய்தபோது, அது யாருடைய பாட்டு என்று தெரியாமலே பிடித்துப்போன ஒருவராகத்தான் பேசினார். எழுதியவர் பேருக்காகவோ கம்பெனி சொன்னதற்காகவோ அவருக்கு அது பிடிக்கவில்லை. இந்த விஷயம் பின்னால் திரும்ப வரும்.

ஒரே டேக்கில் ரெக்கார்டு ஆனது என்கிறார்களே, உண்மையா?

உண்மை. டேக் என்றால் ஆரம்பம் முதல் முடிவு வரை ஒருமுறை வாசித்துப் பதிவது. ஐந்து பேரும் சேர்ந்து வாசித்த ஒரே டேக்தான் அடிப்படை. பிறகு மேலே சேர்த்தது மிகக் கொஞ்சம். கடைசியில் பாட்டு அடங்கும் இடத்தில் கேட்கும் பியானோ ஜானி கிரீன்வுட் வாசித்தது.

அது ஒரே டேக் என்பதைக் காதாலேயே உணரலாம். முதல் சரணத்தில் ட்ரம்ஸும் பேஸும் அடக்கமாக நடக்கும், அதன் மேல் கிட்டாரில் கார்டின் (சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரக் கூட்டத்தின்) ஸ்வரங்கள் ஒவ்வொன்றாக உதிரும். கோரஸ் வந்ததும் எல்லோரும் ஒரே நேரத்தில் பொங்குகிறார்கள். தனித்தனியாக வாசித்து அடுக்கினாலும் சத்தத்தைக் கூட்டலாம், குறைக்கலாம். ஆனால் ஒருவர் ஏறுவதைப் பார்த்து மற்றவரும் ஏறுவது வேறு விஷயம். இதை ரெக்கார்டு செய்கிறோம் என்ற பதற்றம் அவர்களுக்கு அன்று இல்லை. முந்தைய பாட்டுகளில் வராத ஒட்டுதல் இதில் வந்ததற்கு அதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

கோரஸுக்குச் சற்று முன்னால் ‘சடக், சடக்’ என்று ஒரு சத்தம் வருகிறதே, அது என்ன?

கிட்டார்தான். ஜானி கிரீன்வுட் கம்பிகளை இடது கையால் அழுத்தாமல் சும்மா தொட்டு அடக்கிப் பிடித்துக்கொண்டு, சத்தத்தைக் கரகரப்பாக்கும் டிஸ்டார்ஷன் பெடலைப் போட்டு வலது கையால் ஓங்கி அடிக்கிறார். ஸ்வரம் எதுவும் எழாது. வெறும் அடி மட்டும் கேட்கும். துப்பாக்கியில் தோட்டாவை ஏற்றுகிற மாதிரி என்று பலரும் சொல்வார்கள். அந்த அடிகள் முடிந்த கணத்தில் முழுக் கார்டு வெடிக்கும், கோரஸ் தொடங்கும்.

அது ஏன் வந்தது என்று எட் ஓ’பிரையன் பேட்டியில் சொல்லியிருக்கிறார். ஜானிக்குப் பாட்டு பிடிக்கவில்லை. ரொம்ப மெதுவாக, ரொம்ப அமைதியாக இருக்கிறது என்று தோன்றியது. அதனால் முதன்முதலில் வாசித்தபோது அதைக் கெடுத்துவிடவேண்டும் என்றே அப்படி அடித்தார். அந்த அடிதான் பாட்டைப் பாட்டாக்கியது என்பது ஓ’பிரையனின் தீர்ப்பு.

அவர் சொல்வது சரி. ஒரு சின்னச் சோதனை செய்து பாருங்கள். பாட்டை ஹெட்ஃபோனில் கேட்டுக்கொண்டே, அந்த அடி வருவதற்கு முன் உள்ள வரியை மட்டும் கவனியுங்கள். அங்கே பாடுபவன் தன்னையும் அவளையும் ஒப்பிட்டுப் பார்க்கிறான். நீ எவ்வளவு விசேஷமானவள் என்கிறான். குரல் இன்னும் தணிந்தேதான் இருக்கிறது. உள்ளே இருக்கும் கோபம் வார்த்தையில் வரவில்லை. அதை முதலில் வெளியே கொண்டுவருவது குரல் இல்லை, அந்தக் கம்பிகள்தான். அதற்குப் பிறகே குரலும் கத்தத் துணிகிறது. அந்த அடி இல்லாமல் நேராகக் கோரஸுக்குப் போனால் இது ஒரு நல்ல மெல்லிசைப் பாட்டாக நின்றிருக்கும். பாட்டின் சோகத்தை நம்பாத ஒருவர் அதே குழுவில் இருந்து, அந்த நம்பிக்கையின்மையையும் அதே டேப்பில் பதிந்துவிட்டுப் போனதால்தான் ‘க்ரீப்’ அழுமூஞ்சிப் பாட்டாக ஆகவில்லை.

பாட்டு முழுக்க நாலே கார்டுதானாமே? அப்படியிருந்தும் ஏன் இவ்வளவு பிசைகிறது?

ஆமாம். ஜி மேஜர், பி மேஜர், சி மேஜர், சி மைனர். தொடக்கம் முதல் முடிவு வரை இந்த நாலும் இதே வரிசையில் சுற்றுகின்றன. சரணம், கோரஸ், நடுப்பகுதி எல்லாவற்றுக்கும் இதுதான்.

கர்நாடக இசை தெரிந்தவர்களுக்கு இதைச் சொல்வது சுலபம். ஜி-யை ஸட்ஜமாக வைத்துக்கொள்ளுங்கள். முதல் கார்டுக்குள் பஞ்சமம் இருக்கிறது. இரண்டாவது கார்டுக்குப் போகும்போது அந்தப் பஞ்சமம் அரைப்படி ஏறி சுத்த தைவதம் ஆகிறது. மூன்றாவதில் இன்னும் அரைப்படி ஏறி சதுஸ்ருதி தைவதம். நாலாவதில் திரும்பவும் சுத்த தைவதத்துக்கு இறங்குகிறது. அப்புறம் முதல் கார்டு வந்ததும் பழையபடி பஞ்சமம். பாட்டுக்குள்ளே ஒரு குரல் இரண்டு படி ஏறிப் பார்த்துவிட்டு, அதே இரண்டு படி இறங்கிப் புறப்பட்ட இடத்துக்கே வந்துவிடுகிறது. வரிகளில் அவன் செய்வதும் அதேதான், ஆசைப்படுவதும் பின்வாங்குவதும்.

சி மேஜர், சி மைனர் ஆகும் இடத்தைத் தனியாகக் கேளுங்கள். ஒரே ஒரு ஸ்வரம்தான் மாறுகிறது. வெளிச்சம் குறைந்த மாதிரி ஆகிவிடும். மேலே சொன்ன ‘சடக்’ அடியும் அந்த சி மைனர் முடியும் தறுவாயில்தான் வருகிறது.

இது வேறொரு பாட்டின் காப்பி என்கிறார்களே?

‘தி ஏர் தட் ஐ ப்ரீத்’ என்ற பாட்டைத்தான் சொல்கிறார்கள். ஆல்பர்ட் ஹேமண்டும் மைக் ஹேசல்வுட்டும் எழுதி, 1972-இல் ஹேமண்ட் பாடியது. 1974-இல் ஹாலீஸ் குழு பாடி அது பெரிய ஹிட் ஆனது. அந்தப் பாட்டின் உரிமையை வைத்திருந்த வெளியீட்டாளர் வழக்குப் போட்டார். முடிவில் ஹேமண்டுக்கும் ஹேசல்வுட்டுக்கும் இணை ஆசிரியர் என்ற பெயரும் ராயல்டியில் பங்கும் கிடைத்தது. இன்று ‘க்ரீப்’ பாட்டின் ஆசிரியர் வரிசையில் ரேடியோஹெட்டோடு இவர்கள் பெயரும் இருக்கிறது.

எங்கே ஒத்துப்போகிறது? கார்டு வரிசை ஒன்று. நடுப்பகுதியில் யார்க்கின் குரல் உச்சத்துக்கு ஏறுகிறதே, அந்த மெட்டு இன்னொன்று. அந்த இடத்தில் முதலில் ஜானியின் கிட்டார் சோலோ இருந்தது. கார்டு வரிசை அந்தப் பழைய பாட்டு மாதிரியே இருக்கிறது என்று ஓ’பிரையன் சுட்டிக்காட்டிய பிறகு, யார்க் அந்த மெட்டையே எடுத்து நடுப்பகுதியை எழுதினார். ஆக, தெரிந்தே செய்தது. குழு இதை மறைக்கவில்லை. அவர்கள் நேர்மையாக நடந்துகொண்டதால் சின்னப் பங்கோடு நிறுத்திக்கொண்டோம் என்று ஹேமண்டும் சொல்லியிருக்கிறார்.

எடுத்ததற்குப் பெயரும் பணமும் கொடுத்தாகிவிட்டது. அதற்கு மேலும் திருட்டு என்ற வார்த்தையைப் போடுவது நியாயம் இல்லை. ஆனால் முதலிலேயே பெயர் போட்டிருந்தால் இன்னும் நன்றாக இருந்திருக்கும், அதையும் சொல்லத்தான் வேண்டும்.

1992-இல் முதல்முறை ஏன் ஓடவில்லை?

செப்டம்பர் 21 அன்று சி.டி., கேசட், 12 அங்குல இசைத்தட்டு என்று வெளியானது. விற்றது சுமார் 6,000 பிரதிகள். தரவரிசையில் 78.

காரணம் ரேடியோ. அன்றைய பிரிட்டிஷ் தரவரிசை அந்தந்த வாரம் கடைகளில் எத்தனை பிரதி விற்றது என்பதை வைத்துப் போடப்பட்டது. இணையம் இல்லாத காலம். ஒரு புதுக் குழுவின் பாட்டை ஜனங்கள் கேட்காமல் வாங்கமாட்டார்கள், கேட்பதற்கு நாடு முழுக்க எட்டிய வழி பி.பி.சி. ரேடியோ 1. பாட்டு மனதை மிகவும் சோர்வடையச் செய்கிறது என்று கருதி அவர்கள் அதைப் பெரும்பாலும் ஒதுக்கிவிட்டார்கள். அந்தக் கதவு மூடினால் அடுத்த கதவு என்று ஒன்று இல்லை. முதல் வாரத்தில் மேலே வராத பாட்டைக் கடைக்காரர்களும் இரண்டாவது முறை வரவழைக்கமாட்டார்கள்.

அப்படியானால் பாட்டு எங்கேதான் பிடித்தது?

முதலில் இஸ்ரேலில். 1992 கடைசியில் யோவ் குட்னர் என்ற புகழ்பெற்ற ரேடியோ தொகுப்பாளருக்கு அங்கிருந்த ஈ.எம்.ஐ. ஆள் ஒருவர் பாட்டைக் கொண்டுபோய்க் கொடுத்தார். குட்னருக்குப் பிடித்துப்போனது. தன் நிகழ்ச்சியில் திரும்பத் திரும்பப் போட்டார். நாடு முழுக்க ஹிட். சொந்த நாட்டில் யாருக்கும் தெரியாத குழு, அந்த வேகத்திலேயே டெல் அவிவுக்குப் போய்க் கச்சேரி செய்தது.

அடுத்தது அமெரிக்கா. சான் ஃபிரான்சிஸ்கோவில் கே.ஐ.டி.எஸ். என்ற ஆல்டர்நேட்டிவ் ராக் நிலையம் பாட்டைத் தன் பட்டியலில் சேர்த்தது. அங்கிருந்து மேற்குக் கடற்கரை நிலையங்கள் ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டன. இந்த மாதிரி நிலையங்களுக்காகவே பில்போர்டு பத்திரிகை 1988 முதல் ‘மாடர்ன் ராக் ட்ராக்ஸ்’ என்று தனித் தரவரிசை நடத்திவந்தது. 1993-இல் ‘க்ரீப்’ அதில் 2-ஆம் இடம் வரை போனது. எல்லா வகைப் பாட்டும் சேர்ந்த ஹாட் 100 தரவரிசையில் 34.

அந்த நேரத்து அமெரிக்காவையும் நினைவில் வைக்க வேண்டும். 1991 கடைசியில் நிர்வாணா என்ற அமெரிக்க ராக் குழு பெரிய அளவில் வென்ற பிறகு, அமைதியான சரணமும் வெடிக்கும் கோரஸும் கொண்ட பாட்டுகளுக்கு அங்கே காது தயாராக இருந்தது. பிரிட்டனில் அப்போது சூழ்நிலை வேறு.

எல்லாம் அதிர்ஷ்டம்தான் என்று சொல்லலாமா?

இப்போது முதலில் சொன்ன விஷயத்துக்கு வருகிறேன். ஸ்டுடியோவில் கோல்டரி, இஸ்ரேலில் குட்னர், சான் ஃபிரான்சிஸ்கோவில் ஒரு நிலையம். ஒன்றுக்கொன்று தொடர்பே இல்லாத மூன்று இடங்கள். மூன்றிலும் நடந்தது ஒன்றுதான்: யாரோ ஒருவர் பாட்டைக் கேட்டார், தன் காதை நம்பினார், அடுத்தவர் காதுக்குக் கொண்டுபோனார். ஒருமுறை நடந்திருந்தால் அதிர்ஷ்டம் என்று விட்டுவிடலாம். மூன்று இடத்திலும் அதே மாதிரி நடந்தால் அந்தப் பாட்டுக்குள் ஏதோ இருக்கிறது. லேபிளின் வேலையையும் குறைத்துச் சொல்லவில்லை, குட்னர் கையில் பாட்டைச் சேர்த்தது லேபிளின் ஆள்தான். ஆனால் ஒருவருக்குப் பாட்டைக் கொடுக்கலாம், திரும்பத் திரும்பப் போட வைக்க முடியாது.

ரேடியோ 1 செய்தது தப்பு என்றும் இதனால்தான் உறுதியாகச் சொல்கிறேன். சோகமான பாட்டை ஜனங்கள் தாங்கமாட்டார்கள் என்று அவர்கள் சார்பில் வேறு யாரோ முடிவெடுத்தது அது.

ரேடியோவுக்கென்று ஒரு ‘சுத்தமான’ பதிப்பு இருக்கிறதாமே?

இருக்கிறது. மூலத்தில் கோரஸுக்கு முந்தைய வரியில் ஒரு கெட்ட வார்த்தை வருகிறது. அமெரிக்க ரேடியோவில் அதை ஒலிபரப்ப முடியாது. அதனால் அந்த இடத்தில் ‘வெரி’ என்று மாற்றிப் பாடி இன்னொரு பதிப்பு தயாரித்தார்கள். குழுவுக்குத் தயக்கம் இருந்தது, விற்பனைக்காக வளைந்துகொடுத்ததாக ஆகிவிடுமோ என்று. தாங்கள் மதித்த சோனிக் யூத் குழுவே இதைப்போலச் செய்திருக்கிறது என்பது தெரிந்த பிறகு ஒத்துக்கொண்டார்கள்.

இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் வித்தியாசம் புரியும். மூலத்தில் அந்தக் கெட்ட வார்த்தை வசவு இல்லை. பாராட்டுக்கும் பொறாமைக்கும் நடுவில் தடுமாறும் ஒருவன் வாயில் தானாக வந்து விழுவது. ‘வெரி’ வந்ததும் அது வெறும் பாராட்டாகிவிடுகிறது. பின்னாலேயே வரும் கிட்டார் அடிக்கும் காரணம் குறைந்துபோகிறது.

சிங்கிளில் வேறு என்ன பாட்டுகள் இருந்தன?

1992 பதிப்பில் ‘லர்ஜி’, ‘இன்சைட் மை ஹெட்’, ‘மில்லியன் டாலர் கொஸ்சின்’. முதலில் ரெக்கார்டு செய்யவேண்டும் என்று போன அந்த இரண்டு பாட்டும் கடைசியில் துணைப் பாட்டுகளாகவே வந்தன. 1993 மறுவெளியீட்டில் ‘யெஸ் ஐ ஆம்’, ‘ப்ளோ அவுட்’ பாட்டின் ரீமிக்ஸ், ‘இன்சைட் மை ஹெட்’டின் மேடைப் பதிவு. நடுவில், 1993 பிப்ரவரி 22 அன்று, ‘பாப்லோ ஹனி’ ஆல்பம் வந்தது. அதே சிப்பிங் நார்ட்டன் ஸ்டுடியோ, அதே தயாரிப்பாளர்கள், சுமார் மூன்று வாரத்தில் முடித்த வேலை.

வீடியோ?

ஆக்ஸ்ஃபோர்டில் ‘தி வென்யூ’ என்ற அரங்கில் குழு மேடையில் வாசிப்பதைப் படமாக்கியது. கதை எதுவும் கிடையாது. அமெரிக்காவில் எம்.டி.வி. அதை நிறையப் போட்டது.

இங்கிலாந்தில் மறுபடி வெளியிடக் குழுவே தயங்கியது என்பது உண்மையா?

உண்மை. ஒருமுறை தோற்ற பாட்டை, வெளிநாட்டில் ஓடிவிட்டது என்பதற்காகத் திரும்ப விற்பது அவர்களுக்கு உவப்பாக இல்லை. நடுவில் ‘எனிஒன் கேன் ப்ளே கிட்டார்’, ‘பாப் இஸ் டெட்’ என்று வேறு சிங்கிள்களும் வந்திருந்தன, பெரிதாகப் போகவில்லை. கடைசியில் இறங்கிவந்தார்கள். 1993 செப்டம்பரில் ‘க்ரீப்’ மறுபடி வெளியாகி 7-ஆம் இடத்துக்குப் போனது. ‘டாப் ஆஃப் தி பாப்ஸ்’ டி.வி. நிகழ்ச்சியிலும் வாசித்தார்கள்.

தங்கள் பெரிய ஹிட்டையே ரேடியோஹெட் வெறுத்தது ஏன்?

அந்த வருடத்தை அவர்கள் இடத்திலிருந்து பார்த்தால் புரியும். ஊர் ஊராகப் போய் வாசிக்கிறார்கள். கூட்டம் வருவது ஒரே பாட்டுக்காக. எழுதிச் சில வருடம் ஆன பாட்டு, அதுவும் தன் மேல் வெறுப்பில் எழுதியது. அதை ராத்திரிக்கு ராத்திரி உண்மையாகப் பாட வேண்டும். வாழ்க்கையில் அதே சில நிமிடங்களையே திரும்பத் திரும்ப வாழ்ந்துகொண்டிருப்பது போல இருந்தது என்கிற பொருளில் ஜானி கிரீன்வுட் பிறகு சொன்னார். 1993-இல் இங்கிலாந்தின் ரெடிங் இசை விழாவில் உடம்பு முடியாமல் யார்க் கலந்துகொள்ளவில்லை.

அந்தச் சோர்விலிருந்து பிறந்த பாட்டு ‘மை அயர்ன் லங்’. தங்களை உயிரோடு வைத்திருக்கும் இயந்திரமே தங்களைக் கட்டிப்போட்டிருக்கிறது என்பது அதன் கருத்து. 1994 மே மாதம் லண்டன் அஸ்டோரியா அரங்கில் வாசித்த மேடைப் பதிவை எடுத்து, குரலை மட்டும் பிறகு மாற்றி அதை வெளியிட்டார்கள். 1995-இல் வந்த ‘தி பெண்ட்ஸ்’ ஆல்பத்தில் அது இருக்கிறது. ஒரே ஒரு பாட்டை வைத்திருக்கும் குழு என்ற பேரை உடைத்தது அந்த ஆல்பம்தான்.

இதை நன்றி கெட்டத்தனம் என்று சொல்பவர்கள் உண்டு. ஒரு கலைஞன் தன் இருபது வயது மனநிலையில் காலம் முழுக்க நின்றுகொண்டிருக்க வேண்டும் என்று கேட்க நமக்கு உரிமை இல்லை.

இப்போது மேடையில் வாசிப்பதே இல்லையா?

வாசிப்பார்கள், எப்போது என்று சொல்ல முடியாது. தொண்ணூறுகளின் கடைசியில் ஏறக்குறைய நிறுத்திவிட்டார்கள். 2001 ஜூலையில் தங்கள் சொந்த ஊரான ஆக்ஸ்ஃபோர்டில், சவுத் பார்க் திடலில் பெரிய கச்சேரி. கடைசியில் வேறொரு பாட்டை வாசிக்க உட்கார்ந்தார்கள், ஆர்கன் மக்கர் செய்தது. அதற்குப் பதிலாக ‘க்ரீப்’ வாசித்தார்கள். 2009 ரெடிங் விழாவில் முதல் பாட்டாகவே வந்தது. பிறகு பல வருட இடைவெளி. 2016 சுற்றுப்பயணத்தில் திரும்ப எடுத்தார்கள்.

2021-இல் யார்க் தனியாக ஒரு ரீமிக்ஸ் வெளியிட்டார். மிகவும் மெதுவாக்கி, ஒன்பது நிமிடத்துக்கு நீட்டியது. பழைய பாட்டைத் தெரிந்தவர்கள்தான் அதில் பிடிப்பைக் காண முடியும்.

பிரின்ஸ் பாடிய பதிப்பைப் பற்றி ஒரு சர்ச்சை இருந்ததே?

2008-இல் அமெரிக்காவின் கோச்செல்லா இசை விழாவில் அமெரிக்கப் பாப் பாடகர் பிரின்ஸ் ‘க்ரீப்’ பாடினார். ரசிகர்கள் எடுத்துப் போட்ட வீடியோக்களை அவருடைய தரப்பு நீக்கச் செய்தது. யார்க் அதைக் கேள்விப்பட்டதும், அது எங்கள் பாட்டாயிற்றே, தடையை எடுக்கச் சொல்லுங்கள் என்று கேட்டார். கொஞ்சக் காலம் விலகி நின்றாலும் பாட்டு தன்னுடையது என்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை.

முதன்முறை கேட்பவர் எந்தப் பதிவிலிருந்து தொடங்கலாம்?

‘பாப்லோ ஹனி’ ஆல்பத்தில் உள்ள மூலப் பதிவு. கோரஸுக்கு முன்னால் ‘வெரி’ என்று காதில் விழுந்தால் நீங்கள் கேட்பது ரேடியோ பதிப்பு, நிறுத்திவிட்டு மற்றதைத் தேடுங்கள். முடிந்தவரை ஹெட்ஃபோனில் கேளுங்கள். சத்தத்தை முதல் சரணத்துக்கு ஏற்ற மாதிரி வைத்துவிட்டு, கோரஸ் வந்ததும் குறைக்காமல் இருங்கள்.

அடுத்ததாக ‘மை அயர்ன் லங்’. அதிலும் அமைதியான சரணம், வெடிக்கும் கிட்டார், அதே ஐந்து பேர். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டுவிட்டு, பிறகு ‘தி பெண்ட்ஸ்’ முழுவதையும் வரிசை மாற்றாமல் கேளுங்கள். ‘பாப்லோ ஹனி’யின் மற்ற பாட்டுகளுக்கு அவசரம் இல்லை, அவற்றில் ‘லர்ஜி’யை மட்டும் விட்டுவிடாதீர்கள்.